ஓலை சொல்லும் காலமும் மண் சொல்லும் காலமும்

அம்பத்தூரிலே இரும்பு பேசுகிறது. கடைசல் பொறிகள் இரவு பகல் பாராது சுழல்கின்றன. ஆவடியிலே 1965ஆம் ஆண்டு முதற்கொண்டு டாங்கிகள் உருண்டு வெளிவருகின்றன. பூந்தமல்லி நெடுஞ்சாலையிலே மெட்ரோ இரயிலைத் தாங்கும் தூண்கள் வானளாவ நிற்கின்றன. ஓர் அங்குலத்தை ஆயிரமாகப் பகுத்து, அந்த ஆயிரத்தில் ஒரு பங்கு பிசகினாலும் உறுப்பைத் தூக்கியெறியும் தொழிலாளர் வாழும் வட்டாரம் இது. அளந்து பார்க்காமல் எதையும் ஒப்பாத கைகள் இங்கே உள்ளன.

ஆனால் தோழர்களே, அந்தத் தூண்களின் நிழலிலேயே வேறு சில பலகைகளும் தொங்குகின்றன. "அகத்தியர் நாடி", "காகபுசண்டர் நாடி", "பல்லாயிரம் ஆண்டு பழமையான ஓலைச்சுவடியில் உங்கள் வாழ்க்கை." பகலெல்லாம் அளவுகோலும் கையுமாக இருந்தவர், மாலையிலே அந்தப் பலகையின் கீழே செருப்பைக் கழற்றுகிறார். அளவுகோலையும் அங்கேயே கழற்றி வைத்துவிடுகிறார்!

என் தெருவிலே ஒருவர். கடைசல் பட்டறையில் இருபது ஆண்டு உழைத்தவர். மகள் நன்றாகப் படித்தாள். செவிலியர் கல்லூரியில் இடமும் கிடைத்தது. கல்லூரிக் கட்டணத்துக்கென நாற்பதாயிரம் ரூபாய் சேர்த்து வைத்திருந்தார். "கட்டுவதற்கு முன் ஒரு வார்த்தை கேட்டுவிடலாம், நீங்களும் வாருங்கள்" என்று என்னையும் அழைத்துக்கொண்டு நாடி பார்க்கும் ஓரிடத்துக்குப் போனார். போனேன், பார்த்தேன், பார்த்ததை எழுதுகிறேன்.

வலக்கைப் பெருவிரல் ரேகையை வாங்கிக்கொண்டு ஒருவர் உள்ளே போனார். அரைமணி நேரம் கழித்து ஒரு சுவடிக் கட்டோடு வந்தார். அவிழ்த்தார். முதல் ஓலையைப் பார்த்தார்.

"தந்தையார் பெயர் சிவபெருமான் பெயரா?"

"இல்லை ஐயா."

"அப்படியானால் இது உங்கள் ஓலை அன்று." தள்ளினார். அடுத்த ஓலை. "திருமால் பெயரா?"

"ஆம் ஐயா!"

"உடன்பிறந்தோர் மூவரா?"

"இல்லை, இருவர்."

மீண்டும் தள்ளினார். இப்படியே ஓலைக்கு ஒரு கேள்வி. ஆம் என்ற விடையெல்லாம் தங்கிற்று. இல்லை என்றதெல்லாம் ஓலையோடு போயிற்று. தந்தை பெயர், தாய் பெயர், தொழில், பிள்ளைகள் எண்ணிக்கை அனைத்தும் நண்பர் வாயிலிருந்தே வந்தன. பிறகு அவர் ஓர் ஓலையை எடுத்து, செய்யுள் நடையிலே நீட்டி முழக்கிப் படித்தார். அதில் தந்தை பெயர் இருந்தது, தாய் பெயர் இருந்தது, தொழில் இருந்தது! நண்பரின் கண்களில் நீர் தளும்பிற்று. அவர் கொடுத்ததை அவருக்கே திருப்பிக் கொடுத்தார்கள். அதற்குக் கட்டணமும் வாங்கினார்கள்.

அதோடு விட்டார்களா? பன்னிரண்டு காண்டங்களுக்கு அப்பால் பதின்மூன்றாவதாக ஒன்று உண்டு. சாந்தி காண்டம் என்பது அதன் பெயர். முற்பிறவியிலே நண்பர் யாருக்கோ தீங்கிழைத்தாராம். அந்தப் பாவம் மகள் தலையில் விழக் காத்திருக்கிறதாம். பரிகாரத்துக்குச் செலவு முப்பத்தெட்டாயிரம். கல்லூரி திறந்தது, மகள் போகவில்லை. ஓராண்டு வீட்டிலே இருந்தாள். யாரோ, எந்தப் பிறவியிலோ செய்ததாகச் சொல்லப்பட்ட குற்றத்துக்கு, இந்தப் பிறவியிலே குற்றமே செய்யாத ஒரு பெண் தண்டனை பெற்றாள். தீர்ப்பு எழுதியது ஓலை!

அதனால்தான் இந்த ஓலையை விசாரணைக் கூண்டில் ஏற்ற விரும்புகிறேன்.

கூண்டிலே ஓலை

முதலில் கணக்குக் கேட்போம். பெருவிரல் ரேகைகள் 108 வகை, வகைக்கொரு சுவடிக் கட்டு என்கிறார்கள். உலக மக்கள் தொகை 2022ஆம் ஆண்டு நவம்பரில் 800 கோடியைத் தொட்டது. 108 ஆல் வகுத்தால் ஒரு வகைக்கு 7 கோடியே 40 இலட்சம் பேர். ஓர் ஓலையைப் பார்த்துத் தள்ள ஒரு நிமிடம் என்று வைத்து, உண்ணாமல் உறங்காமல் புரட்டினாலும், ஒரு வகையைப் பார்த்து முடிக்க ஏறத்தாழ 140 ஆண்டுகள் ஆகும். இவர்களோ அரைமணியில் எடுத்து வருகிறார்கள்!

"எல்லோருக்கும் ஓலை இல்லை; தேடி வருபவருக்கு மட்டுமே உண்டு" என்பர். நல்லது. எவன், எந்த நாளில், எந்த வாசற்படி ஏறுவான் என்பதைப் பல்லாயிரம் ஆண்டு முன்பே அறிந்த முனிவருக்கு, அவன் தந்தை பெயரை மட்டும் அவனிடமே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டிய நிலை ஏன் வந்தது?

அடுத்து ஓலையின் வயது. பனையோலை என்பது செடிப்பொருள். நம் வெப்பத்திலும் ஈரத்திலும், செல்லும் பூச்சியும் அரிக்கும் நிலையில், அது முந்நூறு நானூறு ஆண்டுகள் தாங்குவதே அரிது. நம் இலக்கியங்கள் பிழைத்தது ஓலை சாகாததால் அன்று. ஓலை சாகுமுன் மனிதர் மீண்டும் மீண்டும் படியெடுத்ததால். சி.வை. தாமோதரம் பிள்ளையும் உ.வே. சாமிநாதையரும் ஊர் ஊராக அலைந்து, செல்லரித்த கட்டுகளைச் சேர்த்து, படிக்குப் படி ஒப்பிட்டு, பாடவேறுபாடு குறித்து அச்சேற்றினர். 1887ஆம் ஆண்டு சீவகசிந்தாமணி வெளிவந்தது அத்தகைய உழைப்பால். அது உண்மை ஓலையின் வரலாறு. சென்னை அரசினர் கீழ்த்திசைச் சுவடி நூலகத்திலும், தஞ்சை சரசுவதி மகாலிலும் உண்மைச் சுவடிகள் ஆயிரமாயிரம் உள்ளன. யாரும் போய்ப் படிக்கலாம், ஒப்பிடலாம், மறுக்கலாம். அங்கே எந்தச் சுவடியும் வருபவனைப் பார்த்து "உன் தந்தை பெயர் என்ன?" என்று கேட்பதில்லை.

நாடி ஓலையோ ஆராய்ச்சிக்கு வராது. "அகத்தியர் எழுதியது" என்கிறீர்களே, எந்த எழுத்தில்? மாங்குளத்துப் பாறையிலே கி.மு. நூற்றாண்டுகளின் தமிழி எழுத்து இருக்கிறது. அதை இன்று கற்றவரன்றிப் பிறர் வாசிக்க இயலாது. "பிற்காலத்தில் படியெடுத்தது" என்றால், எதிலிருந்து எடுத்தது, யார் எடுத்தது, வேறு படி எங்கே? மூலமும் இல்லை, படியும் இல்லை, ஒப்பீடும் இல்லை. இருப்பது கட்டணம் ஒன்றே!

ஓலைக்குப் பின்னே ஒரு பெரிய ஓலை

ஆனால் தோழர்களே, அந்தச் சிறு கடைக்காரரோடு நாம் நின்றுவிட்டால், கிளையை வெட்டி வேரை விட்டவர்களாவோம். முற்பிறவி, பாவம், விதித்த காலம் என்று அவர் சொன்னபோது என் நண்பர் ஏன் நடுங்கினார்? அந்தச் சொற்களை நம்பும்படி அவர் மனத்தை நூற்றாண்டுகளாகவே உழுது வைத்திருக்கிறார்கள். காலத்தைப் பற்றி ஒரு மாபெரும் கற்பனை ஏடு இந்நாட்டில் உலவுகிறது. அதுதான் யுகக் கணக்கு.

திருமண வீட்டிலே புரோகிதர் சங்கல்பம் சொல்லும்போது கேட்டிருப்பீர்கள். பிரமனின் ஆயுளில் இரண்டாம் பாதி, சுவேத வராக கல்பம், வைவசுவத மன்வந்தரம், இருபத்தெட்டாம் கலியுகம், முதற்பாதம் என்று அடுக்குவார். பொருள் தெரியாமலே பந்தலில் தலையாட்டுகிறோம். அதன் கணக்கு இது: கிருதயுகம் 17,28,000 ஆண்டு, திரேதாயுகம் 12,96,000, துவாபரம் 8,64,000, கலி 4,32,000. கூட்டினால் 43,20,000. இத்தகைய ஆயிரம் கூட்டம் பிரமனின் ஒரு பகல்; அது 432 கோடி ஆண்டு. அவ்வளவே ஓர் இரவு. அவ்வகை நாட்கள் 360 சேர்ந்து ஓராண்டு. அவ்வாண்டுகள் நூறு அவன் ஆயுள்.

கற்பனையின் அகலத்தைக் கண்டு வியக்கலாம், தவறில்லை. கவிதை என்று வைத்தால் நாமும் கைதட்டுவோம். ஆனால் வரலாறு என்று வைக்கும்போது கணக்கைத் திருப்பிப் பார்க்கும் உரிமை நமக்கு உண்டு.

நான்கு யுகங்களின் அளவைப் பாருங்கள்: நான்கு, மூன்று, இரண்டு, ஒன்று. சிறுவன் வாய்ப்பாடு ஒப்புவிப்பது போல இறங்குகிறது. மனுநூல் 4,800, 3,600, 2,400, 1,200 எனப் பன்னிரண்டாயிரம் சொல்கிறது. தேவர்க்கு ஒரு நாள் மனிதர்க்கு ஓராண்டு என்று வைத்து, 360 ஆல் பெருக்கினர். பெரிய எண் பிறந்தது. அளந்து கண்டது ஒன்றும் இல்லை. பெருக்கிக் கண்டதே எல்லாம்! இந்த 4,32,000 இந்நாட்டுக்கே உரியதும் அன்று. கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் பாபிலோனியப் பூசாரி பெரோசசு, ஊழிவெள்ளத்துக்கு முன் ஆண்ட மன்னர்களின் காலம் மொத்தம் 4,32,000 ஆண்டு என்று எழுதினார். அறுபதை அடியாகக் கொண்டு எண்ணிய மக்களின் எண் அது.

இந்நாட்டு வானூலாரே இக்கணக்கில் ஒன்றுபடவில்லை. கலி பிறந்து 3,600 ஆண்டு கழிந்தபோது தனக்கு 23 வயது என்று சொல்லும் ஆரியபட்டர், அதாவது கி.பி. 499ஆம் ஆண்டில் நின்று எழுதியவர், நான்கு யுகங்களையும் சமமாக்கி, ஒவ்வொன்றும் 10,80,000 ஆண்டு என்றார். மறைநூல் மரபுக்கு மாறுபட்டார் என்று 628ஆம் ஆண்டில் பிரமகுப்தர் அவரைக் கண்டித்தார். கண்ணால் கண்ட காலமாக இருந்தால் இரண்டு பேரறிஞர்க்கிடையே இத்தனை இலட்சம் ஆண்டு வேறுபாடு வருமா?

காலத்தைக் கற்பனையால் அளந்த நோய் நம் நாட்டுக்கு மட்டும் வந்ததன்று. அயர்லாந்துப் பேராயர் அசர், 1650ஆம் ஆண்டில் விவிலிய வமிசாவளியைக் கூட்டிப் பார்த்து, உலகம் கி.மு. 4004இல் படைக்கப்பட்டது என்றார். அவர் ஏடு காலத்தைச் சுருக்கிற்று. இவர் ஏடு காலத்தை ஊதிப் பெருக்கிற்று. இரண்டும் மண்ணைத் தோண்டிப் பார்க்கவில்லை.

யாருக்காக எழுதிய காலம்?

இவ்வளவு பெரிய எண் யாருக்குப் பயன்பட்டது? இங்கேதான் கற்பனை ஏடு கத்தியாக மாறுகிறது.

யுகம் இறங்க இறங்க அறமும் இறங்கும் என்பது கோட்பாடு. அறம் என்னும் எருதுக்குக் கிருதத்தில் நான்கு கால்; கலியில் ஒரே கால். சரி, கலியின் கேடுகள் யாவை? விட்டுணு புராணத்தையும் பாகவதத்தின் பன்னிரண்டாம் கந்தத்தையும் புரட்டுங்கள். பஞ்சமும் பேராசையும் வரிக்கொடுமையும் அங்கே உண்டு, யாரும் ஒப்புவோம். ஆனால் அதே பட்டியலில், அதே மூச்சில், வருண ஒழுங்கு குலைவதும், சூத்திரன் தவவேடம் பூணுவதும், உயர்ந்த இருக்கையில் ஏறி அறம் உரைப்பதும் கேடுகளாகச் சேர்க்கப்பட்டுள்ளன! பஞ்சமும் ஒரு கேடு; பாட்டாளி மகன் ஆசிரியராவதும் ஒரு கேடு!

இராமாயணத்து உத்தரகாண்டத்தில் சம்பூகன் கதை உண்டு. சூத்திரன் ஒருவன் தவம் செய்தான். அதனால் அந்தணச் சிறுவன் ஒருவன் மாண்டான் என்று குற்றம் சாட்டப்பட்டது. நாரதர் எடுத்துக்காட்டிய சட்டம் எது தெரியுமா? யுகக் கணக்கு! கிருதத்தில் அந்தணர்க்கே தவம், திரேதையில் அரசர்க்கும், துவாபரத்தில் வணிகர்க்கும், சூத்திரர்க்குக் கலியில்தான். இது திரேதாயுகம், ஆகவே இவன் செய்வது குற்றம். வாள் வீசப்பட்டது, தலை விழுந்தது. தவறான தவம் என்று கூடச் சொல்லவில்லை; தவறான காலம் என்றார்கள்! நாட்காட்டியைக் காட்டித் தலையை வெட்டிய கதை அது.

"இன்னும் உன் காலம் வரவில்லை" என்று சொல்லி ஒரு மனிதனை அடக்கும் கலை அன்று பிறந்தது. "உன் மகளுக்கு இவ்வாண்டு காலம் சரியில்லை" என்று சொல்லி நாற்பதாயிரத்தைப் பறிக்கும் கலை அதன் பேரப்பிள்ளை.

திரேதாயுகத்து மண்ணைத் தோண்டினார்கள்

ஓலை தன் வாதத்தைச் சொல்லிவிட்டது. இனி எதிர்ச் சான்றை அழைப்போம். அதற்கு இலண்டனுக்கோ பாரிசுக்கோ போக வேண்டியதில்லை. அம்பத்தூரிலோ ஆவடியிலோ மின்தொடர் ஏறித் திருவள்ளூரில் இறங்குங்கள். அங்கிருந்து பூண்டி. பூண்டிக்கு அப்பால், கொசத்தலை ஆற்றுப் பக்கம், அத்திரம்பாக்கம் என்று ஒரு சிற்றூர். உலக ஆராய்ச்சியாளர் அறிந்த ஊர். நம்மில் பலர் அறியாத ஊர்.

1863ஆம் ஆண்டு மே 30ஆம் நாள், இந்திய நிலவியல் அளவைத் துறையைச் சேர்ந்த இராபர்ட் புரூசு பூட் என்பவர், நம் பல்லாவரத்திலே ஒரு கல்லை எடுத்தார். மனிதக் கை செதுக்கிய கல்லாயுதம் என்று கண்டார். அவ்வாண்டு செப்டம்பரில் வில்லியம் கிங் என்பவரோடு அத்திரம்பாக்கம் போனார். கைக்கோடரிகளும் பிளப்பான்களும் அங்கே ஏராளமாகக் கிடைத்தன. 1999ஆம் ஆண்டு முதல் சாந்தி பப்புவும் குமார் அகிலேசும் அவர்தம் குழுவினரும் அவ்விடத்தை முறையாக அகழ்ந்தனர். அடுக்கடுக்காக மண்ணைப் படித்தனர்.

அவர்கள் யாரிடமும் தந்தை பெயர் கேட்கவில்லை! கல்லிடமே கேட்டார்கள். எப்படி? நிலத்தின் மேற்பரப்பில் கிடக்கும் படிகக் கல்லிலே, அண்டவெளியிலிருந்து வரும் கதிர்கள் ஓயாமல் மோதுகின்றன. அம்மோதலில் அலுமினியம் 26, பெரிலியம் 10 என்னும் கதிரியக்க அணுக்கள் கல்லுக்குள் மிகச் சிறு அளவில் உண்டாகின்றன. அந்தக் கல் ஆழப் புதைந்தால் கதிர் எட்டாது. புதிய அணு பிறவாது. உள்ளவை அழியத் தொடங்கும். அலுமினியம் ஏறத்தாழ 7 இலட்சம் ஆண்டில் பாதியாகும். பெரிலியம் ஏறத்தாழ 14 இலட்சம் ஆண்டில் பாதியாகும். ஒன்று விரைந்து தேயும், மற்றொன்று மெல்லத் தேயும். இரண்டின் விகிதத்தை அளந்தால் கல் புதைந்த காலம் தெரியும். மண்ணில் பதிந்துள்ள பழைய காந்தத் திசையையும் தனியே அளந்து சரிபார்த்தார்கள். காந்தச் சான்று 10 இலட்சம் ஆண்டுக்குக் குறையாது என்றது. கதிரியக்கச் சான்று ஏறத்தாழ 15 இலட்சம் ஆண்டு என்றது. 2011ஆம் ஆண்டில் 'சயன்சு' இதழில் முடிவு வெளிவந்தது. 2018ஆம் ஆண்டில் 'நேச்சர்' இதழில் மற்றொன்று: அதே இடத்தின் மேலடுக்குகளில், ஏறத்தாழ 3,85,000 ஆண்டுக்கு முன், இன்னும் நுட்பமான புதிய கல்லாயுத முறை தொடங்கிவிட்டது.

இப்போது இரண்டு ஏடுகளையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள்.

கலி பிறந்தது கி.மு. 3102 என்பது மரபுக் கணக்கு. இன்றைக்கு 5,100 ஆண்டுக்குச் சற்று மேல். அதற்கு முன் துவாபரம் 8,64,000 ஆண்டு. அதாவது அது தொடங்கியது இன்றைக்கு 8,69,000 ஆண்டுக்கு முன். அதற்கும் முன் திரேதாயுகம்; அது தொடங்கியது ஏறத்தாழ 21,65,000 ஆண்டுக்கு முன். ஆக, அத்திரம்பாக்கத்தின் 15 இலட்சம் ஆண்டு எந்த யுகத்தில் விழுகிறது? திரேதாயுகத்தின் நட்டநடுவிலே!

தோண்டினார்களே, என்ன கிடைத்தது? மணிமுடியா? மாளிகையா? விற்படையா? வேள்விக் குண்டமா? கல்! செதுக்கிய கல்! கிழங்கு தோண்டவும் இறைச்சி அறுக்கவும் உடைத்துக் கூராக்கிய கல்! அக்கல்லைச் செதுக்கியது நம் இனம் கூட அன்று. நம்மைப் போன்ற மனிதன் தோன்றி ஏறத்தாழ 3 இலட்சம் ஆண்டே ஆகிறது. மனிதனுக்கு முந்திய மூத்த இனம் அது. அங்கே தவம் செய்யத் தகுந்தவன் யார், தகாதவன் யார்? அங்கே அந்தணன் யார், சூத்திரன் யார்? அந்த அடுக்கிலே வருணம் இல்லை, உழைப்பு இருந்தது. நாரதர் சட்டம் இல்லை. கையின் திறம் இருந்தது. திரேதாயுகத்து மண்ணே சாட்சி சொல்லிவிட்டது தோழர்களே! சம்பூகன் தலையைக் கொய்ய எடுத்துக்காட்டிய சட்டத்துக்கு அந்த மண்ணிலே அடிப்படையே இல்லை!

மேலும் ஒன்று பாருங்கள். ஓலை, காலம் போகப் போக மனிதன் தாழ்கிறான் என்றது. மண், காலம் போகப் போக ஆயுதம் நுட்பமாகிறது, கை தேர்கிறது, அறிவு வளர்கிறது என்று காட்டுகிறது. ஓலை படிக்கட்டில் இறங்குகிறது. மண் படிக்கட்டில் ஏறுகிறது.

பின்னால் வந்து முன்னால் நிற்பவர்கள்

இவ்வளவு சொன்ன பின் ஒரு நண்பர் எழுவார். "பிரமனின் பகல் 432 கோடி ஆண்டு, பூமியின் வயது 454 கோடி என்கிறது விஞ்ஞானம். எவ்வளவு நெருக்கம் பார்த்தீரா!" என்பார். பார்ப்போம். 1956ஆம் ஆண்டில் கிளேர் பாட்டர்சன் விண்கற்களின் ஈயத்தை அளந்து 455 கோடி என்று கண்டார். அது பூமி பிறந்து இன்றுவரை ஆன வயது. 432 கோடியோ பிரமனின் முழுப் பகல். அது இன்னும் முடியவே இல்லை. சங்கல்பக் கணக்குப்படி அப்பகலில் கழிந்தது 197 கோடி ஆண்டே. ஒப்பிடுவதானால் 197ஐயும் 454ஐயும் ஒப்பிட வேண்டும். பல்லாவரத்துக் குன்றின் கருங்கல்லுக்கே வயது ஏறத்தாழ 250 கோடி. இவர் கணக்கை நம்பினால், இப்பகலின் படைப்புக்கு ஐம்பது கோடி ஆண்டு முன்பே பல்லாவரம் தயாராக இருந்தது!

விடை வெளிவந்த பின் வினாத்தாளில் தம் பெயரை எழுதிக்கொள்வது இவர்களுக்குப் பழகிய கலை. 'வைமானிக சாத்திரம்' நினைவிருக்கிறதா? பரத்துவாச முனிவர் வான ஊர்தி செய்யும் முறையை எழுதினார் என்று ஒரு நூல். பழஞ்சுவடியா? இல்லை. சுப்பராய சாத்திரி என்பவர், முனிவர் தம் உள்ளத்தில் உரைத்ததாகச் சொல்லச் சொல்ல எழுதப்பட்டது. 1974ஆம் ஆண்டில் பெங்களூர் இந்திய அறிவியல் நிறுவனத்து ஆய்வாளர் ஐவர் மொழியையும் வரைபடங்களையும் ஆராய்ந்தனர். 1904ஆம் ஆண்டுக்கு முற்பட்டதன்று. சொன்னபடி செய்தால் பறக்காது என்று முடிவு கூறினர். ரைட் உடன்பிறப்புகள் பறந்தது 1903! அதன் பிறகும், 2015ஆம் ஆண்டு சனவரியில் மும்பை இந்திய அறிவியல் மாநாட்டு மேடையிலே பண்டை வான ஊர்தி பற்றிக் கட்டுரை படிக்கப்பட்டது. பொய்யான ஏட்டுக்கு ஆயுள் நீளம். ஏனெனில் அதைச் செல் அரிப்பதில்லை.

நம் வீட்டு ஏடு

பிறர் ஏட்டை மட்டும் கூண்டிலேற்றி, நம் ஏட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டால் அது பகுத்தறிவன்று; பங்காளிச் சண்டை. இறையனார் களவியலுரை முச்சங்கம் பற்றிச் சொல்கிறது. தலைச்சங்கம் 4,440 ஆண்டு, 89 மன்னர். இடைச்சங்கம் 3,700 ஆண்டு, 59 மன்னர். கடைச்சங்கம் 1,850 ஆண்டு, 49 மன்னர். கூட்டினால் 9,990 ஆண்டு, 197 மன்னர். ஒவ்வொரு மன்னரும் சராசரி ஐம்பது ஆண்டுக்கு மேல் ஆண்டிருக்க வேண்டும், பத்தாயிரம் ஆண்டு இடையறாமல்! மூன்று எண்களும் 37 ஆல் மீதியின்றி வகுபடுகின்றன: 120 மடங்கு, 100 மடங்கு, 50 மடங்கு. இதுவும் பெருக்கிக் கண்ட காலமே, அளந்து கண்டதன்று. இலெமூரியா என்ற பெயரும் 1864ஆம் ஆண்டில் பிலிப் இசுக்கிளேட்டர் என்னும் விலங்கியலார், குரங்கினத்துக்கு உறவான ஒரு விலங்கின் பரவலை விளக்கச் சூட்டியது. கண்டங்களே நகர்கின்றன என்று நிறுவப்பட்டபின் அந்தக் கற்பனைக் கண்டத்துக்குத் தேவை இல்லாமற் போயிற்று.

இதைச் சொன்னால் சிலர் மனம் நோகும். நோகட்டும், பிறகு ஆறும். தமிழின் பழமைக்குப் பொய்யான ஊன்றுகோல் வேண்டியதில்லை. மாங்குளத்துப் பாறை இருக்கிறது. கீழடியின் செங்கற் சுவர்கள் இருக்கின்றன. பானை ஓட்டிலே தன் பெயரைக் கீறி வைத்த எளிய குடிமகன் இருக்கிறான். அளந்து நிற்கும் பழமையே நமக்குப் போதும். அளக்க அஞ்சும் பழமை யாருக்கும் வேண்டாம்.

இனிச் செய்ய வேண்டியது

தோழர்களே, கூட்டம் போட்டுக் கைதட்டிக் கலைவதால் அந்தப் பலகைகள் இறங்கா. மூன்று வேலை சொல்கிறேன்.

ஒன்று: உங்கள் தெருவில் யாராவது நாடி பார்க்கப் போகிறாரா? அவரைப் பழிக்காதீர்கள், அவர் அறிவிலி அல்லர், அஞ்சியவர். உடன் செல்லுங்கள். ஒரே ஒரு நிபந்தனை கேளுங்கள்: "ரேகையைத் தருகிறோம். பெயர் சொல்லோம், ஆம் என்றும் சொல்லோம், இல்லை என்றும் சொல்லோம். ஓலையே பேசட்டும்." ஓலை ஊமையாகும் காட்சியை அவரே காண்பார்.

இரண்டு: விடுமுறை நாளில் பிள்ளைகளை அழைத்துக்கொண்டு திருவள்ளூர் வண்டி ஏறுங்கள். பூண்டியிலே தமிழ்நாடு தொல்லியல் துறையின் அகழ்வைப்பகம் இருக்கிறது. கல்லாயுதங்களைக் காட்டுங்கள். "இதைச் செய்த கைக்குச் சாதி என்ன?" என்று பிள்ளைகளைக் கேளுங்கள். விடையை அவர்களே சொல்லட்டும்.

மூன்று: அச்சத்தை விற்றுப் பணம் பறிப்பதைத் தடுக்கச் சட்டம் கேளுங்கள். மராட்டியம் 2013ஆம் ஆண்டிலும் கருநாடகம் 2017ஆம் ஆண்டிலும் மூடநம்பிக்கைக் கொடுமைகளுக்கு எதிராகச் சட்டம் இயற்றின. அறிவியல் மனப்பான்மையை வளர்ப்பது குடிமக்களின் கடமை என்று 1976ஆம் ஆண்டில் நாற்பத்திரண்டாம் திருத்தத்தின் வழி அரசியலமைப்பிலேயே எழுதப்பட்டுவிட்டது. அந்த ஏட்டுக்கு மூலம் உண்டு, படி உண்டு, யாரும் வாசிக்கலாம்.

என் தெரு நண்பரின் மகள் மறு ஆண்டு கல்லூரியில் சேர்ந்தாள். தந்தை மிகைநேரம் வேலை செய்தார். தெருவார் கொஞ்சம் கொடுத்தார்கள். சேரும் நாளிலே அவள் தந்தையிடம் ஒன்று கேட்டாளாம்: "அப்பா, அந்த ஓலையிலே நான் இந்த ஆண்டு சேருவேன் என்று எழுதியிருந்ததா?" அவர் விடை சொல்லவில்லை. கட்டணச் சீட்டை எடுத்து அவள் கையிலே கொடுத்தார்.

அந்தச் சீட்டுத்தான் அவள் ஓலை. அதை எழுதியவர் அகத்தியர் அல்லர். கடைசல் பட்டறையில் நின்ற ஒரு தொழிலாளி!